எமுலேட்டரை ஆய்வேட்டில் மறைக்க வேண்டியதில்லை

சற்று நீண்ட பதிவு. ஊடகவியல், வரலாறு, நூலகவியல், சட்டம் ஆகிய துறைகளில் இயங்கும் நண்பர்கள் பொறுமையுடன் படித்துத் தம் கருத்தைத் தெரிவிக்க வேண்டுகிறேன்.

சென்ற மாதம் எங்கள் துறைக் கருத்தரங்கில் என் ஆய்வின் முன்னேற்றத்தை முன்வைத்தேன். 2009ஆம் ஆண்டு தொடங்கி பிளேஸ்டேஷன் 2 கன்சோலுக்காக இந்திய நிறுவனங்கள் உருவாக்கிய விளையாட்டுகள் பற்றியது அந்த ஆய்வு. பேசி முடித்ததும் பேராசிரியர் ஒருவர், "முதன்மைச் சான்றுகளை எங்கே பார்த்தீர்கள்?" என்று கேட்டார். பழைய வட்டுகளை விலைக்கு வாங்கி, அவற்றைப் பிரதியெடுத்து, கணினியில் எமுலேட்டர் நிறுவி விளையாடிப் பார்த்ததாகச் சொன்னேன். அரங்கில் மெல்லிய சிரிப்பு எழுந்தது. நிகழ்ச்சி முடிந்தபின் மூத்த ஆய்வாளர் ஒருவர் என்னைத் தனியே அழைத்து, "ஆய்வுமுறை இயலில் எமுலேட்டர் என்ற சொல்லே வரவேண்டாம். திருட்டுப் பிரதி என்று தேர்வாளர் நினைத்துவிடுவார். நேரடியாகக் கன்சோலில் பார்த்ததாகவே எழுதிவிடுங்கள்" என்று அக்கறையோடு அறிவுரை கூறினார்.

அவருடைய நல்லெண்ணத்தில் எனக்கு ஐயமில்லை. ஆயினும் அந்த அறிவுரை என்னை உறங்கவிடவில்லை. சான்றை எவ்வாறு அணுகினேன் என்பதை மறைத்து எழுதுமாறு ஓர் ஆய்வாளருக்கு நல்லெண்ணத்தோடே சொல்ல நேர்கிறது என்றால், எங்கோ அடிப்படையில் கோளாறு இருக்கிறது. எமுலேட்டர் நிறுவுவது ஒரு முறையான ஆய்வுச் செயல். அதை ஆய்வேட்டில் விரிவாகவும் வெளிப்படையாகவும் எழுத வேண்டும். அவ்வாறு எழுதும் துணிவை ஆய்வாளருக்கு அளிக்கும் பொறுப்பு பல்கலைக்கழக நூலகங்களுக்கும் சட்டத்துக்கும் உண்டு என்பதே இப்பதிவின் வாதம்.

முதலில் சான்றுகளைப் பற்றிச் சொல்ல வேண்டும். பிளேஸ்டேஷன் 2 கன்சோலை சோனி நிறுவனம் 2000ஆம் ஆண்டு மார்ச் மாதம் ஜப்பானில் வெளியிட்டது. உலகெங்கும் 15 கோடிக்கும் மேல் விற்ற அந்தக் கருவி, இந்தியாவில் பிளேஸ்டேஷன் 3 வந்த பின்னரும் நடுத்தர வீடுகளின் கன்சோலாக நீடித்தது. அந்தச் சந்தையை நம்பியே இந்தியாவில் உள்நாட்டு விளையாட்டுகள் சில உருவாயின. ஐதராபாத்தின் அரோனா டெக்னாலஜீஸ் உருவாக்கிய "ஹனுமான்: பாய் வாரியர்" 2009இல் வெளிவந்தது. அதே நகரின் கேம்சாஸ்த்ரா நிறுவனம் கபடி, கில்லி தண்டா, பட்டம் விடுதல் முதலானவற்றைத் திரைக்குக் கொண்டுவந்து "தேசி அட்டா" என்ற தொகுப்பை அதே ஆண்டில் அளித்தது. மும்பையின் ட்ரைன் நிறுவனம் தெருக் கிரிக்கெட்டை மையமாக வைத்து "ஸ்ட்ரீட் கிரிக்கெட் சாம்பியன்ஸ்" என்ற விளையாட்டை உருவாக்கியது. "ரா.ஒன்", "டான் 2" ஆகிய இந்தித் திரைப்படங்களும் இதே கன்சோலில் விளையாட்டுகளாயின. 2013ஆம் ஆண்டு தொடக்கத்தில் அக்கன்சோலின் உற்பத்தி நிறுத்தப்பட்டது. சிறிது காலத்தில் இந்த முயற்சியும் ஓய்ந்தது.

இவை உயர்ந்த கலைப்படைப்புகள் என்று நான் வாதிடவில்லை. "ஹனுமான்" வெளிவந்தபோது விமர்சகர்கள் அதைக் கடுமையாகவே சாடினார்கள். ஆனால் வரலாற்று ஆய்வாளனுக்குச் சான்றின் தரம் வேறு, கலையின் தரம் வேறு. வழிபாட்டுக்குரிய ஓர் உருவத்தைக் கைக்கட்டுப்பாட்டுக் கருவியால் ஆட்டுவிப்பது தகுமா என்று அந்த விளையாட்டை முன்வைத்து அமெரிக்காவில் உள்ள இந்து அமைப்பினர் எதிர்ப்புத் தெரிவித்தார்கள். அதைத் திரும்பப் பெறுமாறு சோனியிடம் கோரினார்கள். புராணக் கதை, புலம்பெயர்ந்தோர் அரசியல், பன்னாட்டு நிறுவனத்தின் சந்தைக் கணக்கு, ஐதராபாத்தின் மென்பொருள் உழைப்பு ஆகிய நான்கும் ஒரே வட்டில் சந்திக்கின்றன. சமயமும் ஊடகமும் குறித்து நம் நாட்டில் எழுதப்படும் ஆய்வேடுகளுக்குப் பஞ்சமில்லை. அவற்றில் இந்த விளையாட்டைத் தொட்டுச் செல்பவையும் செய்தித்தாள் குறிப்புகளின் வழியாகவே தொடுகின்றன. விளையாட்டையே விளையாடிப் பார்த்து எழுதியதை நான் இதுவரை படித்ததில்லை.

காரணம் எளிது, பார்ப்பதற்கு எங்கும் இல்லை. நான் கேட்டுப் பார்த்த நூலகங்கள் எதிலும் இந்த வட்டுகள் ஒன்றுகூட இல்லை. ஒரு நூலகர் மட்டும் பரிவோடு விளக்கினார். "நன்கொடையாக வந்தாலும் எந்தத் தலைப்பின்கீழ்ப் பதிவது? புத்தகத்தோடு வந்த குறுவட்டு என்றால் புத்தகத்தின் எண்ணிலேயே வைப்போம். இதற்குப் புத்தகமே இல்லையே" என்றார். அவர் கூறியது உண்மைதான். 1954ஆம் ஆண்டின் நூல் வழங்கல் சட்டப்படி கொல்கத்தா தேசிய நூலகம், சென்னை கன்னிமாரா, மும்பை ஆசியவியல் கழக நூலகம், தில்லி பொது நூலகம் ஆகிய நான்குக்கும் அச்சு நூல்களின் பிரதிகள் சென்று சேர வேண்டும். மென்பொருளுக்கு அத்தகைய கடப்பாடு இல்லை. பிரான்ஸில் 1992ஆம் ஆண்டின் சட்டம் மென்பொருளையும் பல்லூடகப் படைப்புகளையும் கட்டாய வைப்புக்குள் கொண்டுவந்தது. அதனால் அந்நாட்டுத் தேசிய நூலகத்தில் வீடியோ விளையாட்டுகளுக்குத் தனித் தொகுப்பே உள்ளது. கியோத்தோவின் ரிட்சுமெய்க்கான் பல்கலைக்கழகம் 1998இலேயே விளையாட்டு ஆவணத் திட்டத்தைத் தொடங்கிவிட்டது.

ஆகவே பழைய பொருள் விற்கும் கடைகளிலும் இணையவழி மறுவிற்பனையிலும் தேடினேன். ஒரே விளையாட்டின் மூன்று வட்டுகளை வெவ்வேறு இடங்களில் வாங்க நேர்ந்தது. முதல் வட்டு கணினியில் பாதிவரை படிக்கப்பட்டு நின்றது. இரண்டாவதில் ஓரத்தில் வளையமாக ஒரு கீறல். கடைசிப் பகுதி வரவில்லை. மூன்றாவதுதான் முழுமையாகப் படிக்கக் கிடைத்தது. வெளிவந்து இருபது ஆண்டுகள்கூட ஆகாத ஒரு படைப்பின் நிலை இது. "ஆலம் ஆரா" 1931இல் வெளிவந்த இந்தியாவின் முதல் பேசும்படம். இன்று அதன் ஒரு பிரதியும் கிடைக்கவில்லை என்று ஒவ்வோர் ஆண்டும் திரைத்துறை மாணவர்களுக்கு வருத்தத்தோடு கற்பிக்கிறோம். அந்த வருத்தம் நம் கண்முன்னே அழிந்துகொண்டிருக்கும் பொருள்களின் பக்கம் நம்மைத் திருப்பவில்லை என்றால் அதனால் பயன் என்ன?

இனி எமுலேட்டர். ஒரு கருவியின் வன்பொருளை மென்பொருளால் போலச் செய்வதே எமுலேட்டர். பிளேஸ்டேஷன் 2 விளையாட்டுகளுக்குப் பரவலாகப் பயன்படுவது பிசிஎஸ்எக்ஸ்2. உலகெங்குமுள்ள தன்னார்வ நிரலாளர்கள் 2002ஆம் ஆண்டுமுதல் கட்டி வளர்த்துவரும் திறமூல மென்பொருள் அது; 2.0 பதிப்பு 2024இல் வெளிவந்தது. கன்சோலின் மையச் செயலி ஏறத்தாழ 295 மெகாஹெர்ட்ஸ் வேகமும் 32 மெகாபைட் நினைவகமும் மட்டுமே கொண்டது. இன்றைய மலிவான கைப்பேசிகூட எண்ணிக்கையில் அதைவிடப் பன்மடங்கு வலியது. அப்படியிருந்தும் அதைப் போலச் செய்வதற்குக் கணினி திணறுவதற்குக் காரணம், அந்தக் கன்சோலின் விசித்திரமான கட்டமைப்பு. மையச் செயலி, இரண்டு திசையன் செயலிகள், வரைகலைச் செயலி, முந்தைய பிளேஸ்டேஷனின் செயலியை ஒட்டிய உள்ளீட்டுச் செயலி ஆகிய அனைத்தும் ஒன்றோடொன்று தாளம் தவறாமல் இயங்க வேண்டும். அவற்றின் கட்டளைகளை ஓடும்போதே கணினியின் மொழிக்குப் பெயர்த்துக் கொடுக்கிறது எமுலேட்டர். அது நொடிதோறும் நிகழும் ஒரு மொழிபெயர்ப்பு.

நிறுவும் வேலையை மூன்று படிகளாகப் பிரிக்கலாம். முதற்படி, மென்பொருளை அதன் அதிகாரபூர்வத் தளத்திலிருந்து இறக்கி நிறுவுதல். 64 பிட் விண்டோஸ் அல்லது லினக்ஸ் கணினி போதும். இதில் சிக்கல் ஏதுமில்லை. இதில் சட்டக் கேள்வியும் பெரிதாக எழுவதில்லை. இரண்டாம் படி, பயாஸ். கன்சோலை இயக்கியதும் முதலில் விழித்தெழும் 4 மெகாபைட் அளவான மென்பொருள் அது. சோனியின் பதிப்புரிமைக்கு உட்பட்டதாகையால் எமுலேட்டரோடு அது தரப்படுவதில்லை. நம்மிடமுள்ள கன்சோலிலிருந்து நாமே எடுத்துக்கொள்ள வேண்டும் என்பதே பிசிஎஸ்எக்ஸ்2 குழுவின் நிலைப்பாடு. இதற்காக ஒரு பழைய கன்சோலை வாங்கினேன். தன்னார்வலர்கள் எழுதிய சிறு நிரல் ஒன்றை மெமரி கார்டு வழியாக அதில் இயக்கி, பயாஸ் கோப்பை யுஎஸ்பியில் சேமித்து, கணினியில் உரிய அடைவில் வைத்தேன். இணையத்தில் தேடினால் இதே கோப்பு இரண்டு நிமிடத்தில் கிடைத்துவிடும். அந்த இரண்டு நிமிட வழிக்கும் நான் செலவிட்ட இரண்டு வாரங்களுக்கும் இடையிலுள்ள வேறுபாடே ஆய்வு அறம் என்று கருதுகிறேன். மூன்றாம் படி, விளையாட்டு வட்டைப் பிரதியெடுத்தல். டிவிடி வட்டுகளைச் சாதாரணக் கணினி டிவிடி இயக்கியே படித்துவிடும்; வட்டின் உள்ளடக்கம் முழுவதும் ஐஎஸ்ஓ வடிவில் ஒரே கோப்பாகச் சேமிக்கப்படும். அதன்பின் கைக்கட்டுப்பாட்டுக் கருவியை இணைத்து, பொத்தான்களைப் பொருத்தி, விளையாட்டைத் தொடங்கலாம்.

எல்லாம் முடிந்தது என்று நினைத்த இடத்தில்தான் ஆய்வுக் கேள்விகள் எனக்குத் தொடங்கின. அமைப்புகள் பக்கத்தில் எமுலேட்டர் நம்மிடம் பல தெரிவுகளை வைக்கிறது. படத்தின் தெளிவு மூலக் கன்சோலின் அளவிலேயே இருக்கட்டுமா, அதைவிட நான்கு மடங்கு, எட்டு மடங்கு கூடட்டுமா? வரைகலையைக் கணினியின் வரைகலை அட்டை கையாளட்டுமா, மூலத்துக்கு நெருக்கமான ஆனால் மெதுவான மென்பொருள் முறை கையாளட்டுமா? பிளேஸ்டேஷன் 2 பின்னப் புள்ளி எண்களைக் கணக்கிடும் முறை இன்றைய கணினிகளின் பொதுத் தரத்திலிருந்து வேறுபட்டது. அதை ஈடுசெய்யும் அமைப்பு ஒன்று உண்டு. அதை மாற்றினால் சில விளையாட்டுகளில் பாத்திரங்களின் நடத்தையே மாறிவிடும். இந்தியாவில் விற்பனையானவை நொடிக்கு 50 முறை திரையைப் புதுப்பிக்கும் பால் முறைப் பதிப்புகள். அந்த வேகத்தை மாற்றிவிட்டால் நாம் காண்பது இந்திய வீட்டில் ஓடிய விளையாட்டாக இராது. பதிப்பாசிரியர் ஒருவர் பாட வேறுபாடுகளில் எதைக் கொள்வது, எதை அடிக்குறிப்புக்கு அனுப்புவது என்று முடிவெடுப்பதற்கு ஒப்பான வேலைதான் இது. முடிவெடுத்துவிட்டு அதைச் சொல்லாமல் விடுவது எந்தப் பதிப்பியலிலும் ஏற்கப்படாது.

இதை எனக்கு உணர்த்தியவர் ஒருவர். அக்காலத்தில் ஐதராபாத்தின் ஸ்டுடியோ ஒன்றில் அசைவூட்டக் கலைஞராகப் பணிபுரிந்தவர். இப்போது வேறு தொழிலில் இருக்கிறார். நேர்காணலுக்காக அவரைச் சந்தித்தபோது, தாம் உழைத்த விளையாட்டின் ஒரு பிரதிகூடத் தம்மிடம் இல்லை என்றார். நிறுவனத்தின் கணினிகளில் இருந்த மூலக்கோப்புகள் என்னவாயின என்பதும் அவருக்குத் தெரியாது. என் மடிக்கணினியைத் திறந்து அந்த விளையாட்டைக் காட்டினேன். பெருமையாக இருக்கும் என்று தெளிவை நான்கு மடங்கு கூட்டி வைத்திருந்தேன். சிறிது நேரம் உற்றுப் பார்த்தவர், "இது நாங்கள் செய்தது போல இல்லையே. கை விரல்கள் இவ்வளவு கூராகத் தெரிகின்றன. பெட்டி டிவியில் விரல்கள் தெரியாது என்பதால்தான் அவற்றைத் தனித்தனியாக அசைக்காமல் விட்டோம். தெளிவைக் குறையுங்கள்" என்றார். மூல அளவுக்கு மாற்றினேன். "இப்போது சரி" என்று சொல்லிவிட்டு நெடுநேரம் ஒன்றும் பேசாமல் விளையாடினார்.

அவர் சொன்ன அந்த ஒரு வரி என் ஆய்வேட்டில் ஓர் இயலின் போக்கையே மாற்றியது. விரல்கள் அசையாததைத் திறமைக் குறைவு என்று நான் எழுதி வைத்திருந்தேன். நேரமும் பணமும் குறைவாக இருந்த ஒரு குழு, தன் பார்வையாளரின் வீட்டுத் திரையை அறிந்து எடுத்த முடிவு அது. எமுலேட்டர் இல்லாதிருந்தால் இந்த உரையாடலே நிகழ்ந்திராது. எமுலேட்டரின் அமைப்பை மாற்றாதிருந்தால் என் தவறான முடிவே ஆய்வேட்டில் அச்சேறியிருக்கும். "கன்சோலில் பார்த்ததாகவே எழுதிவிடுங்கள்" என்ற அறிவுரையை நான் ஏன் ஏற்கவில்லை என்பதற்கு இதுவே விடை. எந்த மென்பொருள், எந்தப் பதிப்பு, எந்த வட்டிலிருந்து எடுத்த பிரதி, எந்த அமைப்பு என்பவற்றைச் சொல்லாமல் "விளையாட்டைப் பார்த்தேன்" என்று எழுதுவது, எந்தப் பதிப்பு என்று சொல்லாமல் ஒரு பழம் நூலை மேற்கோள் காட்டுவதைப் போன்றது.

சட்டத்துக்கு வருகிறேன். நான் சட்டம் பயின்றவனல்லன். பிரிவுகளைப் படித்த அளவில் சொல்கிறேன். துறை நண்பர்கள் திருத்தலாம். எமுலேட்டர் என்றாலே சட்டவிரோதம் என்ற எண்ணம் நம் வளாகங்களில் பரவலாக இருக்கிறது. 1957ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டத்தின் 52ஆம் பிரிவு, மீறல் ஆகாத செயல்களைப் பட்டியலிடுகிறது. கணினி நிரலின் பிரதியை முறையாக வைத்திருப்பவர் அதை உரிய நோக்கத்துக்குப் பயன்படுத்தவும், இழப்பு அல்லது சேதத்துக்கு எதிரான தற்காலிகப் பாதுகாப்பாகக் காப்புப் பிரதி எடுக்கவும் அது இடமளிக்கிறது. முறையாகப் பெற்ற பிரதியிலிருந்து வணிக நோக்கமற்ற சொந்தப் பயன்பாட்டுக்குப் பிரதி எடுப்பதையும், நிரலின் இயக்கத்தைக் கூர்ந்து நோக்கிப் பயில்வதையும் அதே பிரிவின் பிற கூறுகள் அனுமதிக்கின்றன. 2012ஆம் ஆண்டின் திருத்தம் சேர்த்த 65ஏ பிரிவு தொழில்நுட்பப் பூட்டை உடைப்பதைத் தண்டனைக்குரியதாக்கியது. எனினும் உரிமையை மீறும் நோக்கம் இருக்க வேண்டும் என்ற வரையறையும், சட்டம் வெளிப்படையாகத் தடுக்காத நோக்கங்களுக்கான விலக்கும் அதிலேயே உள்ளன. ஆக, விலை கொடுத்து வாங்கிய வட்டைத் தன் ஆய்வுக்காகப் பிரதியெடுக்கும் தனிநபருக்குச் சட்டம் கதவைச் சாத்திவிடவில்லை. இணையத்தில் பிறர் ஏற்றிய கோப்பை இறக்குவதற்கு இதே பாதுகாப்பு கிடையாது. இவ்விரண்டையும் ஒன்றாகக் குழப்புவதே அரங்கில் எழுந்த சிரிப்பின் மூலம்.

சிக்கல் நிறுவனத்துக்குத்தான். அதே 2012ஆம் ஆண்டின் திருத்தம், வணிக நோக்கமற்ற பொது நூலகம் பாதுகாப்புக்காக ஒரு படைப்பை மின்னணு முறையில் சேமிக்கலாம் என்று 52ஆம் பிரிவில் ஓர் உட்கூறைச் சேர்த்தது. ஆனால் அதற்கொரு நிபந்தனை உண்டு: அந்தப் படைப்பின் எண்ணிம வடிவமல்லாத பிரதி நூலகத்திடம் ஏற்கெனவே இருக்க வேண்டும். சட்டம் இயற்றியோர் மனத்தில் இருந்தது அச்சு நூல் என்பது தெளிவு. நூலை வருடிச் சேமிக்கலாம். விளையாட்டு வட்டோ பிறக்கும்போதே எண்ணிமமாகப் பிறந்தது. அதற்கு எண்ணிமமல்லாத பிரதி என்று ஒன்று எக்காலத்திலும் இருந்ததில்லை. ஆகவே மிக விரைவில் அழியக்கூடிய ஒரு பொருள் வகை, பாதுகாப்புக்கென்றே எழுதப்பட்ட விதியின் சொற்களுக்கு வெளியே நிற்கிறது. 2009இல் வெளிவந்த விளையாட்டின் பதிப்புரிமைக் காலம் எவ்வகையில் கணக்கிட்டாலும் 2069க்கு முன் முடியாது. அதுவரை அந்த டிவிடி வட்டுகள் தாங்கும் என்று நம்ப எனக்குத் துணிவில்லை. ஒரு தனி ஆய்வாளர் தன் மடிக்கணினியில் செய்யக்கூடியதை, அவருக்குச் சம்பளமும் இடமும் தரும் பல்கலைக்கழகம் தயக்கமின்றிச் செய்ய முடியவில்லை. அந்த ஆய்வாளர் பட்டம் பெற்று வெளியேறும்போது பிரதியும் அவரோடு வெளியேறிவிடுகிறது.

எதிர்வாதங்களை அறிவேன். முதலாவது, பதிப்புரிமையாளரின் நலன். எமுலேட்டர் வழியாகத் திருட்டுப் பிரதிகள் பெருகுவது உண்மை. அப்போது நடப்புக் கன்சோலாக இருந்த நிண்டெண்டோ ஸ்விட்சின் விளையாட்டுகளை ஓட்டிய யூசு என்ற எமுலேட்டரின் குழு, 2024இல் வழக்குத் தொடரப்பட்ட சில நாள்களிலேயே 24 லட்சம் டாலர் கொடுத்துத் திட்டத்தை மூட ஒப்புக்கொண்டது. கடையில் இன்று விற்கும் பொருளின் வணிகத்தைக் காக்கும் உரிமை அதை உருவாக்கியவருக்கு உண்டு என்பதில் எனக்கு மறுப்பில்லை. நான் பேசுவது விற்பனையே இல்லாத பொருள்களைப் பற்றி. அமெரிக்காவில் 2010க்கு முன் வெளிவந்த பழைய விளையாட்டுகளில் 87 விழுக்காடு இன்று சந்தையில் கிடைப்பதில்லை என்று வீடியோ கேம் ஹிஸ்டரி ஃபவுண்டேஷன் 2023இல் வெளியிட்ட ஆய்வு காட்டியது. இந்தியாவுக்கு அத்தகைய கணக்கெடுப்பை யாரேனும் மேற்கொள்ள வேண்டும். எமுலேட்டர் என்ற தொழில்நுட்பம் குற்றக் கருவியும் அன்று. கனெக்டிக்ஸ் வழக்கில், எமுலேட்டர் உருவாக்குவதற்காக பயாஸைப் பிரதியெடுத்து ஆராய்ந்தது நியாயமான பயன்பாடே என்று 2000ஆம் ஆண்டில் அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றம் தீர்ப்பளித்தது. வழக்குத் தொடுத்த சோனியே 2018இல் விற்ற பிளேஸ்டேஷன் கிளாசிக் கருவிக்குள் இருந்தது தன்னார்வலர்கள் எழுதிய ஒரு திறமூல எமுலேட்டர்.

இரண்டாவது எதிர்வாதம் நுட்பமானது: எமுலேட்டரில் காண்பது மூலமன்று, ஆகவே மூலக் கன்சோலையே பாதுகாக்க வேண்டும் என்பது. இதன் முற்பாதியை ஏற்கிறேன். கன்சோலின் பொத்தான்கள் விரலின் அழுத்த அளவை உணரக்கூடியவை. இன்று கடையில் கிடைக்கும் பெரும்பாலான கைக்கருவிகள் அவ்வாறு உணர்வதில்லை. பெட்டி டிவியின் ஒளியும் மங்கலும் கணினித் திரையில் வருவதில்லை. ஆதலால் இயங்கும் கன்சோல் ஒன்றையும் பழைய டிவி ஒன்றையும் நூலகம் வைத்திருப்பது மிக நல்லது. ஒப்புநோக்க அவை வேண்டும். ஆனால் வட்டைப் படிக்கும் லேசர் தேய்ந்துபோகும், உதிரிபாகம் கிடைக்காது, கடைசிக் கன்சோலும் ஒருநாள் நிற்கும். அந்த நாளுக்கு முன்பே மூலத்தோடு ஒப்பிட்டு எமுலேட்டரின் அமைப்புகளைச் சரிபார்த்துப் பதிவு செய்துவிட வேண்டும். கன்சோலோடு பழகியவர்களும் அதற்காக உழைத்தவர்களும் நம்மிடையே இருக்கும் காலம் இது. "தெளிவைக் குறையுங்கள்" என்று சொல்ல இன்று ஆள் இருக்கிறார். முப்பது ஆண்டுகள் கழித்து இருப்பாரா?

மூன்றாவது, இதெல்லாம் விளையாட்டுத்தானே என்பது. இதற்கு நீண்ட விடை தேவையில்லை. நாடக நோட்டீசு, சினிமாப் பாட்டுப் புத்தகம், நாள்காட்டிப் படம் ஆகியவையும் ஒரு காலத்தில் ஆய்வுக்கு உதவாதவை என்று ஒதுக்கப்பட்டவைதாம். இன்று அவற்றைத் தேடித் தெருத்தெருவாக அலைகிறோம்.

ஆகவே மூன்று வேண்டுகோள்கள். ஆய்வு நெறியாளர்களுக்கு: எமுலேட்டர் வழியாகச் சான்றைக் கண்ட மாணவரை அதை மறைக்கச் சொல்லாதீர்கள், மென்பொருளின் பெயர், பதிப்பு எண், பயாஸ் எந்த நாட்டுக் கன்சோலிலிருந்து எடுக்கப்பட்டது, வட்டு எவ்வாறு கிடைத்தது, எவ்வமைப்பில் விளையாடப்பட்டது ஆகியவற்றை ஆய்வுமுறை இயலில் எழுதுமாறு வலியுறுத்துங்கள். இணையத்திலிருந்து இறக்கிய பிரதியானால் அந்த உண்மையையும் எழுதட்டும்; அது பற்றி அறத்தின் அடிப்படையில் விவாதிக்கலாம். நூலகங்களுக்கு: பெரிய திட்டம் வேண்டாம், ஒரு நிலைப்பேழை போதும். இந்தியாவில் உருவான விளையாட்டுகளின் வட்டுகளையும் அட்டைப் பெட்டிகளையும் கையேடுகளையும் நன்கொடையாகப் பெற்றுப் பதிவேட்டில் ஏற்றுங்கள். வட்டைக் கைவசம் வைத்திருப்பதற்கு எந்தச் சட்டத் திருத்தமும் தேவையில்லை. சட்டத்துறை நண்பர்களுக்கு: 52ஆம் பிரிவின் அந்த நூலக உட்கூறில் உள்ள "எண்ணிமமல்லாத" என்ற ஒற்றைச் சொல்லைப் பற்றி எழுதுங்கள். பிறப்பிலேயே எண்ணிமமான படைப்புகளுக்கும் அந்தப் பாதுகாப்பு விரிய வேண்டும் என்ற கோரிக்கைக்கு வரைவு வடிவம் கொடுக்க உங்களால்தான் முடியும். விளையாட்டுக்கு மட்டுமன்று, குறுவட்டில் வந்த அகராதிகள், கல்வி மென்பொருள்கள், எழுத்துரு மாறியதால் இன்று திறக்க முடியாத ஆவணங்கள் அனைத்துக்கும் அந்த ஒரு சொல்லே தடை.

என் அளவில் முடிவெடுத்துவிட்டேன். ஆய்வுமுறை இயலில் எமுலேட்டருக்கென்று ஒரு தனிப் பகுதி எழுதியுள்ளேன். பின்னிணைப்பில் ஒவ்வொரு விளையாட்டுக்குமான அமைப்புகளின் பட்டியலையும் சேர்த்துள்ளேன். தேர்வாளர் கேள்வி எழுப்பினால் வாய்மொழித் தேர்வில் விடையளிப்பேன். முழுமையாகப் படிக்கக் கிடைத்த அந்த மூன்றாவது வட்டையும், படிக்க முடியாத மற்ற இரண்டையும், கன்சோலையும் ஆய்வு முடிந்ததும் ஒரு நூலகத்துக்குக் கொடுக்க விரும்புகிறேன். பெற்றுக்கொள்ளும் நூலகம் எதுவென்று தெரிந்தவர்கள் சொல்லுங்கள். இத்தகைய வட்டுகள் உங்கள் வீட்டு அலமாரியில் இருந்தால், பழைய பொருள் வாங்குபவரிடம் போடும் முன் ஒருமுறை எனக்குத் தெரிவியுங்கள். மாற்றுக் கருத்துள்ளோரும் தயங்காது எழுதுக.